லூர்து மேரிக்கு ஒரு குறை உண்டு

பிரான்சிஸை அடக்கம் செய்த அன்று பங்குச் சாமியார் அந்தோணிசாமி கல்லறைத் தோட்டத்தில் நின்று குடியைப் பற்றிப் பிரசங்கம் வைத்தார். குடித்துவிட்டு வேலைக்குப் போனால் முடிவு இப்படித்தான் ஆகும், இந்தச் சாவு பாறைமேட்டு ஆண்களுக்கெல்லாம் ஒரு பாடமாக இருக்கட்டும் என்றார். பிரான்சிஸின் மனைவி லூர்து மேரி குழியோரம் உட்கார்ந்து அதை ஒரு சொல் விடாமல் கேட்டாள். அதுவரை ஓயாமல் வந்துகொண்டிருந்த அழுகை அப்போது நின்றது. பிறகு அவள் அழவே இல்லை.

பிரான்சிஸ் குடியை விட்டு ஒன்பது வருஷம் ஆகியிருந்தது. மகள் மெர்லின் டைபாய்டில் கிடந்தபோது வில்லியனூர் மாதாவுக்கு நேர்ந்துகொண்டு விட்டவன். கல்யாண வீட்டில் பந்திக்குப் பின்னால் ஆண்கள் ஒதுங்கும் நேரத்தில் இவன் மட்டும் பெண்களோடு உட்கார்ந்து வெற்றிலை மடித்துக்கொண்டிருப்பான். ஊரே அறிந்த சங்கதி. ஆனாலும் கல்லறையில் கூடிநின்ற இருநூறு பேரில் ஒருவர்கூட வாய் திறக்கவில்லை.

திறக்காததற்குக் காரணம் மலை. வானூர் தாலுக்காவில், கிளியனூருக்குக் கிழக்கே ஒதுங்கிக் கிடக்கிற ஊர் பாறைமேடு. செம்மண் காடு, முந்திரி, ஏரிக்குக் கீழே கொஞ்சம் நெல், மற்றபடி கல்தான். மலையும் கல் உடைக்கும் கிரஷரும் அருள்நாதனுடையவை. அவர் வெளியூர்க்காரர் இல்லை. அவருடைய அப்பாவும் அதே மலையில் கூடையில் ஜல்லி சுமந்தவர்தான். அருள்நாதன் ஒரு லாரி வாங்கி, இரண்டாக்கி, மலையைக் குத்தகைக்கு எடுத்து மேலே வந்தார். ஊரில் நாற்பது குடும்பத்துக்கு அடுப்பு எரிவது அவரால். புதுக் கோயில் கட்டுகிற கமிட்டிக்கும் அவரே தலைவர். கோயிலுக்கு ஒரே கருங்கல்லில் பீடம் செய்து கொடுத்திருந்தார். அடுத்த வைகாசித் திருவிழாவில் மறைமாவட்ட ஆயர் வந்து அதை அர்ச்சித்துப் புனிதப்படுத்துவதாக ஏற்பாடு.

இரண்டாயிரத்து எட்டு ஆடி மாதத்தில் விழுப்புரம் பக்கம் நாலு வழிச் சாலைக்கு ஜல்லி ஓடிக்கொண்டிருந்தது. லாரிகள் கிரஷர் வாசலில் வரிசை கட்டி நின்றன. ஒரு சனிக்கிழமை காலை, மலையின் கீழ்த்தட்டில் பிரான்சிஸ் மெஷினைப் பிடித்துத் துளை போட்டுக்கொண்டிருந்தபோது பாறை வெடித்தது. உடலைக் கட்டி மேலே ஏற்றுவதற்குள் அருள்நாதன் திண்டிவனம் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போய்விட்டார். காலையிலேயே போதையில் வந்தான், வேண்டாம் என்று தடுத்தும் கேட்காமல் மெஷினைப் பிடித்தான் என்று சொன்னார். முதலாளி சொன்னது, பார்த்தவர் சொன்னது என்று அது அப்படியே பதிவானது. சாமியாருக்கும் அவரே சொன்னார்.

லூர்து மேரி அதற்குப் பிறகு மலைக்கு ஜல்லி வாரப் போகவில்லை. கழனி வேலைக்குப் போனாள். ஐப்பசியில் ஏரிக்கீழ் நெல்லுக்குக் களை எடுத்தாள். மழை பிடித்துக்கொண்டால் சாக்கைக் கொங்காணியாகத் தலையில் மாட்டிக்கொண்டு முழங்கால் சேற்றில் குனிந்திருப்பாள். மெர்லின் திண்டிவனத்தில் டீச்சர் ட்ரெய்னிங் படித்தாள். குழாயடியில் யாரோ ஒரு பெண் சண்டை வாக்கில் அவளைக் குடிகாரன் மகள் என்று சொல்லிவிட்டதாக வந்து அழுதபோது, லூர்து மேரி கேப்பைக் கூழைக் கரைத்துக்கொண்டே கேட்டுக்கொண்டாள். கை மட்டும் கூழுக்குள் கொஞ்ச நேரம் அசையாமல் இருந்தது.

கல்லறைத் திருநாளன்று மதியம் எல்லோரும் கல்லறைகளுக்கு வெள்ளையடித்து, சாமந்தி வைத்து, மெழுகுவர்த்தி ஏற்றிக்கொண்டிருந்தார்கள். பிரான்சிஸின் மண்மேட்டருகே முருகையன் வந்து நின்றான். இந்து, கெடார் பக்கத்திலிருந்து பிழைக்க வந்தவன். பிரான்சிஸிடம் மெஷின் வேலை கற்றவன். கூடவே கம்ப்ரசர் குழாயைப் பிடித்தவன். சம்பவத்துக்குப் பிறகு அருள்நாதன் அவனைக் கல் வேலையிலிருந்து எடுத்துக் கிரஷருக்கு வாட்ச்மேனாகப் போட்டிருந்தார். ஒரு மெழுகுவர்த்தியைக் கையில் வைத்துக்கொண்டு எங்கே நடுவது என்று தெரியாமல் விழித்தான்.

"குடு, நான் நட்டுத் தர்றேன்" என்றாள் லூர்து மேரி.

"அண்ணி, ஒரு விசயம் சொல்லணும். சொல்லிட்டு நான் போயிடறேன். திருப்பிக் கேட்டா சொல்லலன்னுதான் சொல்லுவேன்."

"சொல்லு."

"மொத நாளு வச்ச வெடியில ஒரு குழி வெடிக்கல. மருந்து உள்ளயே கெடந்துது. அண்ணன் பாத்துட்டு, இதுகிட்ட மெஷின் போடக் கூடாது, தண்ணி ஊத்தி ஒரு நாளு விட்டுடணும்னு ஒதுங்கிட்டாரு. ஓனரே எறங்கி வந்தாரு. லாரி நிக்குது, ஜல்தி போடு, ஒன்னும் ஆவாதுன்னாரு. அண்ணன் மாட்டேன்னாரு. ரெண்டு தபா மாட்டேன்னாரு."

"அப்புறம்?"

முருகையன் மண்ணைப் பார்த்தான். "பயமா இருந்தா ஒன் மாதாவ வேண்டிக்கினு போடுடான்னாரு ஓனரு. அண்ணன் சிலுவ போட்டுக்கினு மெஷின எடுத்தாரு. எனக்குத் தாகமா இருக்குதுன்னு சொல்லி என்னைத் தண்ணி எடுக்க அனுப்பிச்சாரு. தாகம் இல்ல அண்ணி. என்னைத் தள்ளி அனுப்பணும்னுதான்."

அவன் சொன்னபடியே உடனே போய்விட்டான். லூர்து மேரி மெழுகுவர்த்தியை நட்டு, காற்றுக்குக் கையால் அணை கொடுத்தாள். சிலுவை போட்டுக்கொண்டானாம். அதுவரை அவளுக்கு இருந்தது துக்கமா கோபமா என்று அவளுக்கே பிரித்துச் சொல்லத் தெரியாது. அன்றைக்குத் தெரிந்துவிட்டது.

கார்த்திகை, மார்கழி, தை. அவள் மனதுக்குள் அருள்நாதனைப் பல விதமாகக் கொன்று பார்த்தாள். வேர்க்கடலைக் காட்டில் மல்லாட்டைக்குக் கொத்திக்கொண்டிருக்கும்போது கொத்துக்கட்டையால் அடித்தாள். அவருடைய கார் ஏரிக்கரையில் போகும்போது கவிழ்த்தாள். ஞாயிற்றுக்கிழமை பூசையில் அவர் முன்வரிசையில் வெள்ளைச் சட்டையோடு முழந்தாளிடும்போது, மின்விசிறி கழன்று அந்தப் பிடரியில் விழும்படி வேண்டிக்கொண்டாள். பிறகு நன்மை, அதாவது நற்கருணை அப்பம், வாங்கப் போகும் வரிசையில் நிற்க மனம் கூசியது. வாங்குவதை நிறுத்தினாள். மற்றவர்கள் எழுந்து போகையில் பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருப்பாள்.

தவக்காலத்தின் முதல் வெள்ளிக்கிழமை சிலுவைப்பாதைக்குப் பிறகு பூசை. சாமியார் வாசித்த நற்செய்தியில் ஓர் இடம் அவள் காதில் தங்கியது. வீட்டுக்கு வந்ததும் மெர்லினிடம் வேதத்தை எடுத்து அந்த இடத்தை வாசிக்கச் சொன்னாள். வாசித்தாள். இன்னொரு முறை என்றாள். மூன்றாம் முறை கேட்டபோது மெர்லினுக்கு எரிச்சல் வந்தது.

"என்னாம்மா, பரீட்ச எழுதப் போறியா?"

"எனக்குப் புரிஞ்சது சரியான்னு சொல்லு. காணிக்கைய எடுத்துக்கினு பீடத்துக்குப் போற. அங்க போனதும், ஒருத்தனுக்கு ஒம்மேல குறை இருக்குதுன்னு நெனப்பு வருது. காணிக்கைய அங்கியே வச்சிடு. போயி அவங்கிட்ட சரி பண்ணிக்கினு அப்புறம் வா. அதான?"

"ஆமா."

"எனக்கு அவம்மேல கோவம் இருந்தா நான் போவணும்னு போடல."

மெர்லின் மறுபடி பார்த்தாள். "இல்ல. அவனுக்கு ஒம்மேல குறை இருந்தாத்தான் நீ போவணும்."

"அப்ப குறை இருக்கறவ ஒக்காந்த எடத்துல ஒக்காந்திருக்கலாம். வரவேண்டியது மத்தவன்தான்" என்றாள் லூர்து மேரி. அன்று இரண்டு குவளைக் கூழ் அதிகமாகக் குடித்தாள்.

அடுத்த ஞாயிறு. காணிக்கைப் பாட்டு தொடங்கியது. கமிட்டித் தலைவர் என்ற முறையில் அருள்நாதன் அப்பத் தட்டை ஏந்தி நடுப்பாதையில் போனார். சாமியார் கை நீட்டினார். பெண்கள் பக்கத்தில் ஐந்தாவது பெஞ்சிலிருந்து லூர்து மேரி எழுந்து நின்றாள்.

"அருள்நாதன், எனக்கு ஒங்கமேல ஒரு குறை இருக்குது" என்றாள்.

சத்தம் போட்டுச் சொல்லவில்லை. ஆனால் ஹார்மோனியம் தடுமாறி நின்றதால் கடைசிப் பெஞ்சு வரை கேட்டது. அருள்நாதன் திரும்பிப் பார்த்தார். சாமியார் தட்டை வாங்கிக்கொண்டார். பாட்டு திரும்பத் தொடங்கியது. அவள் உட்கார்ந்துகொண்டாள். அவ்வளவுதான்.

அடுத்த வாரமும் அதே நேரத்தில் எழுந்து அதே வாக்கியத்தைச் சொன்னாள். கோயில் வேலைகளைப் பார்க்கிற கோயில்பிள்ளை வந்து கையைப் பிடித்து வெளியே கூட்டிப்போனார். மூன்றாவது வாரம் கூட்டிப்போக வந்தவரை நிமிர்ந்து பார்த்தாள், அவர் நின்றுவிட்டார். அந்த ஞாயிறு அருள்நாதன் தட்டை எடுக்கவில்லை. வேறொருவர் எடுத்துப் போனார். அவள் அப்போதும் எழுந்தாள், முன்வரிசையில் உட்கார்ந்திருந்த பிடரியைப் பார்த்துச் சொன்னாள். அந்தப் பிடரியில் வேர்வை ஓடுவதைப் பார்த்தாள். கடும் வெயிலில் மோர் குடித்தது போல இருந்தது அவளுக்கு.

ஊர் இரண்டுபட்டது. குழாயடியில் ஜெயம் வழிமறித்தாள். அவள் புருஷன் கிரஷரில் பெல்ட் ஓட்டுகிறவன்.

"ஏன் லூர்து, ஒன் வவுத்தெரிச்சல்ல மலைய மூட வச்சிடுவ போலருக்குதே. நாப்பது ஊட்டுப் பொழப்பு. எங்கள என்னா பண்ணச் சொல்ற?"

"மலைய மூடச் சொல்லலியே."

"அவுரு பேஜாராயி வித்துட்டுப் போயிட்டாருன்னா? வெளியூர்க்காரன் வந்து வடக்கத்தி ஆளுங்களப் போட்டுக்குவான். அப்ப நீ சோறு போடுவியா?"

"நாளைக்கி ஒம்புருசன் பெல்ட்டுல மாட்டினாலும் குடிச்சிருந்தான்னு எழுதுவாங்க ஜெயம். அப்ப நீயும் எழுந்து நின்னு பாரு. ஒனக்குப் பக்கத்துல நான் நிப்பேன்."

ஜெயம் குடத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டு போனாள். மெர்லினும் கெஞ்சினாள். அவளுக்கு ட்ரெய்னிங்கில் இடம் கிடைக்கச் சிபாரிசுக் கடிதம் கொடுத்தவர் அருள்நாதன். "இன்னும் ஆறு மாசந்தாம்மா. நான் முடிச்சிடறேன். அப்புறம் என்னா வேணா பண்ணு" என்றாள். லூர்து மேரி அவள் தலையைத் தடவிக்கொடுத்தாள். அடுத்த ஞாயிறு எழுந்து நின்றாள்.

சாமியார் அவளைத் தேடி வந்தார். மல்லாட்டை அறுவடை நேரம். பிடுங்கிப் போட்ட கொடியைப் புங்கமர நிழலில் குவித்து, பெண்கள் சுற்றி உட்கார்ந்து காய் ஆய்ந்துகொண்டிருந்தார்கள். செம்மண் புழுதியில் எல்லார் முகமும் ஒரே நிறமாக இருந்தது. சாமியார் பைக்கை வரப்போரம் நிறுத்தியதும் மற்றவர்கள் எழுந்து தள்ளிப் போனார்கள். லூர்து மேரி எழவில்லை. கை காயைப் பறித்துக்கொண்டே இருந்தது.

"ஒக்காருங்க சாமி. மண்ணாத்தான் இருக்கும்."

அந்தோணிசாமி உட்கார்ந்தார். நாற்பது வயது. நல்லவர் என்று பெயர். காய்ச்சல் கண்ட வீட்டுக்கு இவரே மாத்திரை வாங்கிக்கொண்டு போவார். யாரிடமும் கடிந்து பேசத் தெரியாது.

"லூர்து, ஆண்டவர் எழுபது தடவ ஏழு தடவ மன்னிக்கச் சொன்னாரு. நீ ஒரு தடவகூட மன்னிக்க மாட்டேங்கிற."

"கேட்டாத்தான சாமி குடுக்கறதுக்கு? அவரு கேக்கவே இல்ல. வேணாம்னு கைய மூடிக்கினு இருக்கறவன்கிட்ட எதத் திணிக்கறது?"

"சிலுவையில தொங்கும்போது ஆண்டவரு யாரும் கேக்காமலே மன்னிச்சாரே."

"அவரு அவர அடிச்சவங்கள மன்னிச்சாரு. என்னை அடிச்சிருந்தா நானும் விட்டுருப்பேனோ என்னமோ. இவரு அடிச்சது பிரான்சிச. பிரான்சிசுக்கு வாய் இல்ல. அவரு சார்பா மன்னிச்சேன்னு சொல்ல நான் யாரு சாமி?"

சாமியார் ஒரு காயை எடுத்து உடைத்தார், தின்னவில்லை. "இப்படியே போனா நன்மை வாங்காமயே சாவ வேண்டியதுதான். மனசுல இவ்ளோ பகைய வச்சிக்கினு வாங்க முடியாது. தெரியுமில்ல?"

"தெரிஞ்சிதான் வாங்கல. நாலு மாசமா கோயிலுக்குள்ள வந்தா பட்டினிதான். அவரு வாரா வாரம் மொத ஆளா வாங்கறாரே, அவரு மனசு சுத்தமா இருக்குதா? அவருகிட்ட இத்தக் கேட்டீங்களா?"

சாமியார் உடைத்த காயை முறத்தில் போட்டார்.

"நான் ஒன்னு கேக்கட்டுமா?" என்றாள். "அடக்கத்தன்னிக்கி பிரான்சிசு குடிச்சிட்டுப் போனாருன்னு சொன்னீங்களே. அத எந்த வேதத்துல பாத்துச் சொன்னீங்க?"

"அருள்நாதன் சொன்னதை நம்பித்தான்…"

"என்னைக் கேட்டீங்களா? அவரு அன்னிக்கிக் காலையில ரெண்டு இட்டிலி தின்னுட்டு ஒரு டம்ளர் டீ குடிச்சிட்டுப் போனாரு. ஊத்திக் குடுத்தவ நானு. நீங்க குழியில மண்ணு போட்டீங்க. அதுக்கு மேல இந்தப் பேரையும் போட்டு மூடிட்டீங்க. அருள்நாதன் மேல மட்டும் குறைன்னா நெனச்சீங்க?"

அந்தோணிசாமி வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். வெயில் நகர்ந்து அவர் முதுகில் ஏறியது. போகும்போது சொல்லிக்கொள்ளாமல் போனார்.

இரண்டு நாள் கழித்து அதே கழனிக்கு அருள்நாதனின் மனைவி வெனிலா வந்தாள். காரில் வரவில்லை, முக்காடு போட்டுக்கொண்டு நடந்தே வந்திருந்தாள்.

"அக்கா, ஒன்னே ஒன்னு கேக்கறேன். அவரு என்னா பண்ணாரு?"

லூர்து மேரி அவளை ஏற இறங்கப் பார்த்தாள். வெனிலா ஒரு கெடுதலும் செய்யாதவள். பிரான்சிஸ் செத்த வீட்டுக்கு மூன்று நாள் சோறு அனுப்பியவள். சொல்லாமல் விடலாம் என்று ஒரு கணம் தோன்றியது. அந்தக் கணத்தைத் தாண்டிவிட்டு, லூர்து மேரி எல்லாவற்றையும் சொன்னாள். முருகையன் பெயரை மட்டும் சொல்லவில்லை. மாதாவை வேண்டிக்கொண்டு போடச் சொன்னதை இரண்டு முறை சொன்னாள். இரண்டாம் முறை சொல்ல வேண்டியதே இல்லை. வெனிலாவின் முகம் வெளுப்பதைப் பார்க்க வேண்டும் என்றுதான் சொன்னாள். பார்த்தாள். அந்த ருசி அவளுக்குப் பிடித்திருந்தது. பிடித்திருக்கிறதே என்று கொஞ்சம் பயமும் வந்தது.

அடுத்த ஞாயிறு நன்மை வாங்கும் நேரத்தில் அருள்நாதன் எழுந்தார். வெனிலா எழவில்லை. அவர் குனிந்து ஏதோ சொன்னார். அவள் தலையாட்டவும் இல்லை. கோயிலில் இப்போது இரண்டு பெண்கள் உட்கார்ந்தே இருந்தார்கள். அருள்நாதன் வரிசையில் பாதி தூரம் போய், திரும்பி வந்து, வாசல் வழியாக வெளியே போனார்.

குருத்து ஞாயிறன்று ஓலைக் குருத்தோடு ஊர்வலம் கோயிலுக்குள் நுழைந்தபோது வாசல் படியில் முருகையன் நின்றிருந்தான். வாட்ச்மேன் சட்டையைக் கழற்றி மடித்துக் கக்கத்தில் வைத்திருந்தான்.

"நான் உள்ள வரலாமான்னு தெரியாது. இங்கியே சொல்லிடறேன்" என்றான். அன்று கல்லறையில் சொன்னதை அப்படியே ஊர் முன்னால் சொன்னான். சொல்லி முடித்ததும், எதிரே நின்ற அருள்நாதனிடம் அந்தச் சட்டையை நீட்டினான். "இத்த வச்சிக்கோங்க மொதலாளி. இந்தச் சட்டையப் போட்டதுலேர்ந்து எனக்குத் தூக்கம் வர்ல."

அருள்நாதன் சட்டையை வாங்கிக்கொண்டார். ஒரு கையில் குருத்தும் மறு கையில் சட்டையுமாக நின்ற அவரைச் சுற்றி ஊர்வலம் ஒதுங்கிப் போயிற்று.

பெரிய வியாழன் மாலை பூசையில் பன்னிரண்டு பேருக்குப் பாதம் கழுவும் சடங்கு உண்டு. வருஷா வருஷம் அருள்நாதனுக்கு அதில் முதல் நாற்காலி. இந்த வருஷம் வருவாரா என்று எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வந்தார். சவரம் செய்யாத முகம். வேட்டியை மடித்து வலது காலை நீட்டினார்.

அந்தோணிசாமி இடுப்பில் துண்டைக் கட்டிக்கொண்டு, செம்பும் தாம்பாளமுமாக அவர் முன்னால் முழந்தாளிட்டார். தண்ணீர் ஊற்றவில்லை. செம்பைக் கீழே வைத்துவிட்டு எழுந்து சபையைப் பார்த்துத் திரும்பினார்.

"இவரு காலக் கழுவறதுக்கு முன்னாடி என் வாயக் கழுவணும்" என்றார். "பிரான்சிஸ் அடக்கத்துல நான் சொன்னது பொய். விசாரிக்காம சொன்னேன். செத்தவன் பேர நான் கெடுத்தேன். லூர்து மேரி, மெர்லின், ரெண்டு பேரும் என்னை மன்னிக்கணும். இன்னொன்னையும் சொல்லிடறேன். இந்தக் குறை தீராம ஆயர அந்தப் பீடத்துக்குக் கூப்பிட மாட்டேன். அவருகிட்டயும் எழுதிட்டேன்."

மெர்லின் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். அருள்நாதன் நீட்டிய காலை மடக்கவும் இல்லை, ஊன்றவும் இல்லை. பெண்கள் பக்கம் ஒரு தடவை பார்த்தார். வெனிலா அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் எழுந்தார்.

"பிரான்சிசு குடிக்கல" என்றார். "மாட்டேன்னுதான் சொன்னான். நான்தான் போட வச்சேன். லாரி நின்னுச்சு… வேற ஒன்னும் இல்ல. லாரி நின்னுச்சு. அவ்ளோதான். அதுக்கப்புறம் பயத்துல அப்படி எழுதி வச்சிட்டேன்." லூர்து மேரி இருக்கும் பக்கம் இரண்டு கையையும் கூப்பினார். "மன்னிச்சிடு தாயி."

எல்லாத் தலையும் அவள் பக்கம் திரும்பின. ஐந்து மாதமாக அவள் கனவு கண்டது இதைத்தான். அவர் தலை குனிய வேண்டும், ஊர் பார்க்க வேண்டும். குனிந்தார், பார்த்தது. ஆனால் வயிறு நிறையவில்லை. இன்னும் எதுவோ பாக்கி நிற்பதாகப்பட்டது. அது என்ன என்று தேடியபடி எழுந்து நின்றாள்.

"சாமி, நீங்க சொன்னத நான் ஏத்துக்கினேன். ஒங்கள விட்டுட்டேன்" என்றாள். பிறகு அருள்நாதனைப் பார்த்தாள். "நீங்க சொன்னதயும் கேட்டுக்கினேன். இதே வார்த்தைய ஸ்டேஷன்ல வந்து சொல்லுங்க."

சலசலப்பு எழுந்தது. ஆண்கள் பக்கத்திலிருந்து ஒரு குரல், "போதும் லூர்து, மனுசன் இதுக்கு மேல என்னா பண்ணுவாரு? ஆண்டவர் சந்நிதில சொல்லிட்டாரு இல்ல" என்றது.

"ஆண்டவருக்கு மொதல்லியே தெரியும்" என்றாள் லூர்து மேரி. "குடிச்சான்னு ஆண்டவர் எழுதல. ஸ்டேஷன்லதான் எழுதியிருக்குது. எங்க எழுதினாரோ அங்க போயி அடிச்சி எழுதட்டும்."

"கேசாவும் லூர்து" என்றார் அருள்நாதன், மெதுவாக. "என்னை உள்ள வச்சிடுவாங்க."

"ஆமா."

அடுத்துப் பேசியது சாமியார்தான். "நாளைக்கிக் காலையில போலாம். நானும் வர்றேன்" என்றார். பிறகு குனிந்து செம்பை எடுத்து, அருள்நாதனின் காலில் தண்ணீர் ஊற்றினார்.

மறுநாள் பெரிய வெள்ளி. காலை ஆறு மணிக்கே லூர்து மேரி அருள்நாதனின் வீட்டு கேட்டுக்கு எதிரே இருந்த மைல்கல்லில் வந்து உட்கார்ந்துவிட்டாள். உபவாச நாள்; ஒரு வாய் தண்ணீரோடு வந்திருந்தாள். ஏழரைக்குக் கார் கேட்டைத் தாண்டி வெளியே வந்தது. அவள் நடுவில் போய் நின்றாள்.

அருள்நாதன் கண்ணாடியை இறக்கினார். "கோயிலுக்குத்தான் போறேன். சாமியார ஏத்திக்கினு போலாம்னு. நீயும் ஏறு."

"கார் வேணாம். கார் எந்தப் பக்கம் வேணா திரும்பும். பஸ்ஸு திண்டிவனத்துக்குத்தான் போவும்."

அவர் அவளைப் பார்த்தார். காரை ஓரங்கட்டி இறங்கி, கேட்டருகே நின்ற வெனிலாவிடம் சாவியைக் கொடுத்துவிட்டு நடந்தார்.

கோயிலருகே சாமியாரும், சாட்சி சொல்ல முருகையனும் சேர்ந்துகொள்ள, டவுன் பஸ்ஸில் நாலு பேரும் ஏறினார்கள். முருகையன் சலவைச் சட்டை போட்டிருந்தான். சாமியாரும் அருள்நாதனும் இருவர் சீட்டில் உட்கார்ந்தார்கள். கண்டக்டருக்கு அருள்நாதனைத் தெரியும். "என்னா மொதலாளி, கார் ரிப்பேரா?" என்று கேட்டான். "ஆமாம்பா" என்றார். நாலு டிக்கெட் அவரே எடுக்கப் போனார். "எனக்கு நான் எடுத்துக்கறேன்" என்று லூர்து மேரி சில்லறையை நீட்டினாள்.

அவருக்கு நேர் பின்னால் உட்கார்ந்தாள். பஸ் முந்திரிக் காட்டைத் தாண்டி மெயின் ரோட்டில் ஏறியது. கிளியனூரில் நின்றபோது அவர் வாசலைப் பார்த்தார். அவள் முன்சீட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். அவர் இறங்கவில்லை. ஓமந்தூரில் கைக்குழந்தையோடு ஒருத்தி ஏறினாள். அருள்நாதன் சட்டென்று எழுந்தார். லூர்து மேரியும் கூடவே எழுந்தாள். அவர் இடத்தை அந்தப் பெண்ணுக்குக் கொடுத்துவிட்டுக் கம்பியைப் பிடித்து நின்றார். அவளும் உட்காரவில்லை. ஓர் ஆள் இடைவெளியில், பஸ் ஆடும்போதெல்லாம் ஆடியபடி, இருவரும் திண்டிவனம் வரை நின்றே வந்தார்கள்.

பஸ் ஸ்டாண்டில் நின்றது. சாமியாரும் முருகையனும் கீழே இறங்கி நின்றார்கள். அருள்நாதன், பின்னால் லூர்து மேரி நிற்க, படியருகே தயங்கினார். மெல்லிய குரலில் கேட்டார். "நான் எழுதிக் குடுத்துடறேன் லூர்து. உள்ள போவறதுக்கும் தயார். நீ எப்பத்தான் மன்னிப்ப?"

அவள் யோசித்தாள். பொய் சொல்ல அவளுக்கு விருப்பமில்லை, அதுவும் இன்றைக்கு.

"தெரியல. எழுதி முடிங்க. கையெழுத்து போடுங்க. மை காயட்டும். அப்புறம் மனசு என்னா சொல்லுதுன்னு பாக்கறேன். ஒன்னும் சொல்லாமயும் போவலாம்."

அவர் தலையை ஆட்டிக்கொண்டு இறங்கினார். வெயில் அதற்குள் தார் ரோட்டில் ஏறியிருந்தது. ஸ்டேஷன் எந்தப் பக்கம் என்று அவருக்கு நன்றாகத் தெரியும். போன ஆடியில் இவளுக்கு முன்னால் ஓடிவந்த இடம். இன்றைக்கு அவரை முன்னால் நடக்கவிட்டு, கண்ணை எடுக்காமல், அவர் பின்னாலேயே லூர்து மேரி நடந்தாள்.